மாரித்தாயின் காதும் என் நெஞ்சும்

சங்கரன்கோவிலில் போன வருசம் வரைக்கும் காது என்பது கேட்பதற்கும், கம்மல் போடுவதற்கும், வாத்தியார் பிடித்துத் திருகுவதற்கும்தான் இருந்தது. நான் மூன்றாம் கிளாஸ் வரை போனவன். திருகல் சமாச்சாரம் எனக்கு நன்றாகத் தெரியும். காதுக்கு இன்னொரு உபயோகமும் உண்டு என்று ஊருக்குச் சொல்லிக்கொடுத்தது ஹிருதயதீபம் இதய மையம்.

ராஜபாளையம் ரோட்டில் நாலு மாடி, முன்பக்கம் முழுக்கக் கண்ணாடி. திறந்த ஆறு மாசம் ஈ ஓட்டினார்கள். இத்தனை நெஞ்சு நடமாடுகிற ஊரில் ஒருவனும் தன் நெஞ்சைக் கொண்டுபோய் அங்கே காட்டவில்லை. அப்போதுதான் சேர்மன் டாக்டர் அமிர்தகணேசன் எதையோ படித்துத் தொலைத்தார். அம்பது வருசத்துக்கு முன்னால் அமெரிக்காவில் ஒரு டாக்டர், தன்னிடம் வந்த நெஞ்சுவலிக்காரர்கள் சிலருக்குக் காது மடலில் சாய்வாக ஒரு மடிப்பு விழுந்திருப்பதைப் பார்த்தாராம். இதுக்கும் அதுக்கும் தொடர்பு இருக்குமோ என்று எழுதி வைத்தாராம். அந்த மனுசன் சந்தேகப்பட்டதோடு சரி. அவருடைய சந்தேகம் கப்பலேறி எங்கள் ஊருக்கு வந்து சேர்ந்தபோது சட்டமாகிவிட்டது.

'உங்கள் காதைக் கொண்டு வாருங்கள்! இதயத்தை நாங்கள் பார்த்துக்கொள்கிறோம்!' என்று ஆட்டோவில் ஒலிபெருக்கி கட்டி, தெருத்தெருவாகக் கத்தினார்கள். மடலில் மடிப்பு இருந்தால் சிவப்பு அட்டை. அவனுக்கு எல்லா டெஸ்டும் உண்டு. மடிப்பு இல்லாவிட்டால் பச்சை அட்டை. அவனுக்கு ஒரு மணி அடித்து, கைதட்டி, வீட்டுக்கு அனுப்பிவிடுவார்கள்.

எங்கள் தெருத் தையல்காரன் தாவீது முதல் முகாமிலேயே பச்சை அட்டை வாங்கினான். அதற்குக் கண்ணாடிச் சட்டம் போட்டுக் கடையில் மாட்டினான். மாடி ஏறினால் மூச்சு முட்டுகிறது என்று முன்னெல்லாம் சொல்லிக்கொண்டிருந்தவன், அட்டை வந்த பிறகு அதைச் சொல்வதை நிறுத்திக்கொண்டான். நாற்பத்தோராம் நாள் மிஷினில் கவிழ்ந்து கிடந்தான். இப்போது அட்டைக்குப் பக்கத்தில் அவன் போட்டோவும் மாட்டியிருக்கிறது.

இந்த லட்சணத்தில் எனக்கு நெஞ்சு வலி வந்தது. நாற்பது வருசம் விசைத்தறியில் நின்ற உடம்பு, எழுபத்திரண்டு வயசு. அஞ்சு நாளாக நாலு எட்டு நடந்தால் நெஞ்சில் ஆட்டுக்கல்லை ஏற்றி வைத்த மாதிரி அமுக்கியது. இடது தோளில் இழுப்பு. வேர்வை வேறு. ஆறாம் நாள் காலையில் குழாயடியிலிருந்து ஒரு குடம் தண்ணீர் தூக்கி வந்தவன், வாசலிலேயே உட்கார்ந்துவிட்டேன்.

"ஏங்க, அந்தக் காது ஆஸ்பத்திரியில ஈசிஜி சும்மா எடுக்காங்களாம். கெளம்புங்க" என்றாள் என் பெஞ்சாதி மாரித்தாய்.

"சும்மா குடுக்கவன் வாசல்ல போயி நான் நிக்க மாட்டேன்ட்டி."

"நிக்க வேண்டாம். அங்கன போயிப் படுத்தாப் போதும். எந்திரிங்க."

ஆஸ்பத்திரி வாசலில் இரண்டு பக்கமும் வாழைமரம் கட்டியிருந்தது. நடுவில் தெர்மாகோலில் எட்டடி உயரத்துக்கு ஒரு காது, அதற்குச் செவ்வந்தி மாலை, முன்னால் குத்துவிளக்கு. இரண்டு பொம்பளைகள் விசயம் தெரியாமல் கன்னத்தில் போட்டுக்கொண்டார்கள். ஒருத்தி, இது எந்தச் சாமியின் காது என்று செக்யூரிட்டியிடம் கேட்டாள். அவனுக்கும் தெரியவில்லை.

வரிசையில் முதல் மேஜையில் ஒரு பெண் ஸ்பிரிட் பஞ்சால் காதைத் துடைத்தாள். இரண்டாவது மேஜையில் காதைப் போட்டோ எடுத்தார்கள். மூன்றாவது மேஜையில் இசக்கிராஜா இருந்தான். போன வருசம் வரை பஸ் ஸ்டாண்டில் செல்போன் கவர் விற்றவன். இன்றைக்குக் கழுத்தில் டை. உத்தியோகம், முதுநிலை செவி ஒருங்கிணைப்பாளர். கையில், பள்ளிக்கூடப் பிள்ளைகள் ஜியாமெட்ரி பாக்ஸில் வைத்திருக்குமே, அந்தப் பாதி வட்டத் தகடு. அதை வைத்து மடிப்பின் சாய்வை அளந்துகொண்டிருந்தான்.

எனக்கு முன்னால் ஷேக் ஃபரீத் நின்றார். புளியங்குடியில் எலுமிச்சை மண்டி வைத்திருக்கிறவர், எனக்கு முப்பது வருசப் பழக்கம். உள்ளே வேலை பார்க்கிற மச்சான் மகனைப் பார்க்க வந்தவரை, வாசலிலேயே காதைப் பிடித்து வரிசையில் விட்டிருந்தார்கள்.

"சார், உங்களுக்கு ரெண்டு காதுலயும் மடிப்பு" என்றான் இசக்கிராஜா. குரலில் துக்கம் விசாரிக்கிற தணிவு. "உக்காருங்க. நடக்கக் கூடாது."

"வே, காலையில நாப்பது மூட எலுமிச்சங்கா இறக்கிட்டு வாரேன். எனக்கு என்ன கேடு? எங்க வாப்பாவுக்கும் இதே மடிப்புதான். தொண்ணூத்தாறு வயசு வரைக்கும் இருந்தாக."

"மடிப்பு இல்லாம இருந்திருந்தா இன்னமும் இருந்திருப்பாங்க சார்."

ஃபரீத் பதில் தேடுவதற்குள் சட்டையைக் கழற்றி, பச்சைத் துணி ஒன்றைப் போர்த்தி, சக்கர நாற்காலியில் வைத்துத் தள்ளிக்கொண்டு போய்விட்டார்கள். "வீரபாண்டி, என் வண்டிச் சாவி சட்டையில கெடக்குவே!" என்று தூரத்திலிருந்து என்னைப் பார்த்துக் கத்தினார். அந்தச் சட்டையை என் கையில் கொடுத்துவிட்டுப் போனான் ஒருவன். மாரித்தாய் அதை வாங்கி இடுப்பில் செருகிக்கொண்டாள்.

அடுத்து என் முறை. இசக்கிராஜா டார்ச் அடித்தான். பூதக்கண்ணாடி வைத்தான். மடலை இழுத்தான், விட்டான், மறுபடி இழுத்தான்.

"சுத்தம்" என்றான். "அண்ணாச்சி, பச்சப்புள்ள காது மாதிரி இருக்கு. வாழ்த்துக்கள்!"

டிங் என்று மணி அடித்தது. நாலு நர்சுகள் கைதட்டினார்கள். பச்சை அட்டையைக் கையில் திணித்தார்கள்.

"தம்பி, நெஞ்சு அமுக்குது. ஆறு நாளாச்சு. அதைப் பாக்கத்தான் வந்தேன்."

"நெஞ்சுக்கு இங்கன வரிசை கிடையாது அண்ணாச்சி. இது காது வரிசை."

"இது நெஞ்சாஸ்பத்திரிதானலே?"

"ஆமா. அதனாலதான் காதப் பாக்கோம்." பொறுமையாகவே சொன்னான். "வலிங்கது நீங்க வாயால சொல்லுதது. மடிப்புங்கது நாங்க கண்ணால பாக்கது. பேஷண்ட் சொல்லுதத எல்லாம் நம்ப ஆரம்பிச்சா ஆஸ்பத்திரி நடத்த முடியாதுன்னு சேர்மன் சார் டிரெயினிங்லயே சொல்லியிருக்காங்க. நகருங்க, போட்டோ எடுக்கணும்."

தாவீதின் கடைச் சுவர் எனக்கு ஞாபகம் வந்தது. அந்த அட்டையை அவன் மேஜையிலேயே வைத்துவிட்டுத் திரும்பினேன். அப்போதுதான் இசக்கிராஜா மாரித்தாயைப் பார்த்தான். பார்த்தவன் எழுந்து நின்றுவிட்டான்.

இங்கே ஒரு விசயம் சொல்லியாக வேண்டும். மாரித்தாய்க்கு அஞ்சு வயசிலேயே காது குத்தி, கனமான ஈயக் குணுக்கை மாட்டி, தோளைத் தொடுகிற அளவுக்கு வளர்த்துவிட்டிருந்தாள் அவளைப் பெற்றவள். பாம்படம் என்கிற கனத்த தங்கக் காதணி போடுவதற்காக. பெண் பார்க்கப் போன அன்றைக்கு நான் ஒரு பெரிய மனுசனைப் போல, "தொங்கு காதுக்காரியக் கட்ட மாட்டேன், சினிமாக் கொட்டகைக்குக் கூட்டிட்டுப் போனா ஊரு சிரிக்கும்" என்று சொல்லிவிட்டேன். இருபத்திமூணு வயசு. மேல்சட்டை போட்ட திமிர். அவளைக் கொண்டுபோய் இரண்டு காதையும் அறுத்துத் தைத்தார்கள். ஒரு மாசம் சீழ் பிடித்துக் கிடந்தாளாம். அந்தத் தையல் மடலில் சாய்வாக, பள்ளமாக இன்றைக்கும் இருக்கிறது. என் மேல் கோபம் வரும்போதெல்லாம் முடியை ஒதுக்கி அதைக் காட்டுவாள். நாற்பத்தொன்பது வருசமாக, அதைப் பார்த்ததும் நான் செருப்பைத் தேடிக்கொண்டு வெளியே கிளம்பிவிடுவேன்.

"அம்மா, அசையாதீங்க!" என்றான் இசக்கிராஜா. தகட்டை வைத்தான். "முப்பத்தெட்டு டிகிரி! ரெண்டு பக்கமும்! இவ்வளவு ஆழத்த நான் புஸ்தகத்துலகூடப் பாக்கலை!"

"ஏலே, அது தையலு."

"எல்லாரும் ஆரம்பத்துல இப்படித்தாம்மா மறுப்பாங்க."

"சின்ன வயசுல காது வளத்து, பொறவு அறுத்துத் தச்சது. உங்க அம்மாவப் பெத்தவகிட்டப் போயிக் கேளு."

"மடிப்பு எப்படி வந்துச்சுன்னு ஃபாரத்துல கேள்வி இல்லைம்மா. இருக்கா இல்லையா, அவ்வளவுதான்." சிவப்பு அட்டையை அவள் கழுத்தில் மாட்டினான். சக்கர நாற்காலி வந்தது. என் சட்டையில் ஒரு வில்லையைக் குத்தினார்கள். அதில் 'உடன் வந்தவர்' என்று எழுதியிருந்தது.

லிஃப்டில் நோயாளி மட்டும்தான் போகலாமாம். ஆனால் நாற்காலியைத் தள்ளுவது உடன் வந்தவர் வேலையாம். இரண்டு சட்டத்தையும் ஒன்றாகப் பின்பற்ற ஒரே வழிதான் இருந்தது. சாய்தளம் வழியாக மூன்று மாடி. ஒரு கல் போல நல்ல ஆரோக்கியத்தோடு மாரித்தாய் உட்கார்ந்திருக்க, நெஞ்சைப் பிடித்துக்கொண்டு நான் தள்ளினேன். முதல் திருப்பத்தில் எனக்கு மூச்சு வாங்கியது. இரண்டாவது திருப்பத்தில் அவள் திரும்பி என் முகத்தைப் பார்த்தாள். இறங்கி, என்னைத் தூக்கி நாற்காலியில் வைத்துவிட்டுத் தள்ள ஆரம்பித்தாள்.

மேலே ஒரு நர்ஸ் அலறினாள். "சிவப்பு அட்டை நடக்கக் கூடாது! ஐயா, வெக்கமா இல்ல? ஹார்ட் பேஷண்ட தள்ள விட்டுட்டு ஜம்முன்னு உக்காந்து வாறீங்களே! எந்திரிங்க!"

எழுந்தேன். மிச்சத்தையும் தள்ளினேன்.

ஈசிஜிக்கு முன்னால் சேர்மன் உரையைக் கேட்டாக வேண்டும் என்று மூன்றாம் மாடி ஹாலில் சிவப்பு அட்டைகளை வரிசையாக உட்கார வைத்திருந்தார்கள். உடன் வந்தவர்களுக்கு நாற்காலி இல்லை. சுவரில் சாய்ந்து நின்றேன். சட்டை நனைந்து முதுகோடு ஒட்டிக்கொண்டது. சேர்மன் மைக்கைத் தட்டினார்.

"அன்பார்ந்த மடிப்பாளர்களே! இதயத்தைப் பார்க்க என்ன வேண்டும்? மெஷின் வேண்டும், படித்த டாக்டர் வேண்டும், நேரம் வேண்டும். காதைப் பார்க்க என்ன வேண்டும்? நம்ம இசக்கிராஜாவே போதும்!" கைதட்டல். "முன்பெல்லாம் நோயாளி வந்து, எங்கே வலிக்கிறது என்று எங்களுக்குச் சொல்வார். இந்த மையத்தில் அந்த அவமானம் கிடையாது. எங்கே வலிக்க வேண்டும் என்பதை நாங்களே சொல்கிறோம்!" மறுபடி கைதட்டல். "நம்முடைய முறை நூற்றுக்கு நூறு சரி என்பதற்கு ஆதாரம் கேட்கிறார்கள். சொல்கிறேன். இதுவரை பச்சை அட்டை வாங்கிப் போனவர்களில் ஒருவர்கூட, ஒரே ஒருவர்கூட, திரும்பி வந்து புகார் சொன்னதில்லை!"

தாவீது எங்கே வந்து புகார் சொல்வான்? ஆர்.சி. சர்ச் கல்லறையிலிருந்து டவுன் பஸ்ஸா விடுகிறார்கள்?

மாரித்தாய் பெயரை முதலில் கூப்பிட்டார்கள். அபூர்வமான காதாம், அதனால் முன்னுரிமை. ஈசிஜி அறையில் சுகிர்தா என்று ஒரு சின்னப் பெண், பனவடலிசத்திரத்துப் பக்கம். நாற்காலியைத் தள்ளிக்கொண்டு நான் உள்ளே போனதும், மாரித்தாய் இறங்கிக் கதவைச் சாத்தித் தாழ்ப்பாள் போட்டாள்.

"ஏட்டி, அந்த வயரெல்லாம் இவுகளுக்கு மாட்டு."

"ஆச்சி, உங்க பேருல பதிஞ்சாச்சு. பேர மாத்தினா கம்ப்யூட்டர் எடுக்காது."

"பேரு பாட்டுக்கு என் பேரா இருக்கட்டும். நெஞ்சு இவுகளுது. அந்த மொகத்தப் பாரு மொதல்ல."

சுகிர்தா என்னைப் பார்த்தாள். அந்த ஆஸ்பத்திரிக்காரர்களில் அன்றைக்கு என் முகத்தைப் பார்த்த முதல் ஆள் அவள்தான். மற்றவர்கள் எல்லாம் முகத்தின் ஓரத்தில், காதோடு நின்றுகொண்டார்கள். "தாத்தா, படுங்க" என்றாள். மாட்டினாள். காகிதம் நீளமாக வந்தது. அதைப் பார்த்ததும் அவள் வாயோரம் வெளுத்தது. ஒரு மாத்திரையைக் கொடுத்து, "கடிச்சு மெல்லுங்க, பேசாதீங்க" என்று சொல்லிவிட்டுக் கதவைத் திறந்து கத்தினாள். "சார்! ஹார்ட் அட்டாக்! நடந்துட்டே இருக்கு!"

சேர்மனும் இசக்கிராஜாவும் ஓடி வந்தார்கள். காகிதத்தைப் பிடுங்கிப் பார்த்தார் சேர்மன். மேலே 'மாரித்தாய், பெண், 69' என்று அச்சாகியிருந்தது. அவர் முகத்தில் பௌர்ணமி எழும்பியது.

"பாத்தியா இசக்கிராஜா! காது பொய் சொல்லலை!"

"முப்பத்தெட்டு டிகிரி சார்!" அவனுக்குக் கண் கலங்கிவிட்டது. இரண்டு பேரும் கை குலுக்கிக்கொண்டார்கள். போட்டோக்காரனைக் கூப்பிட்டார்கள். பிறகுதான் கட்டிலில் கிடந்த என்னைக் கவனித்தார் சேர்மன். "இந்த ஆள் யாரு? உடன் வந்தவர் கட்டில்ல படுக்கக் கூடாதுன்னு போர்டு இருக்கே. எந்திரிய்யா, அம்மா படுக்கட்டும்."

"சார், அது இவரோட ஈசிஜி" என்றாள் சுகிர்தா. "அட்டாக் தாத்தாவுக்குத்தான். நான்தான் எடுத்தேன்."

சேர்மன் குனிந்தார். என் நெஞ்சில் கை வைக்கப் போகிறார் என்று நினைத்தேன். இசக்கிராஜாவிடமிருந்து டார்ச்சை வாங்கி, என் காது மடலைப் புரட்டிப் பார்த்தார். இடது. பிறகு வலது.

"சுத்தமா இருக்கேம்மா" என்றார். "இவருக்கு எப்படி வரும்?"

"அய்யா, உயிரு போய்ட்டு இருக்கு!" என்றாள் மாரித்தாய்.

"நீங்க பதட்டப்படக் கூடாதும்மா. உங்களுக்குத்தான் அட்டாக். உங்க காதை மட்டும் இந்தப் பக்கம் திருப்புங்க, வெளிச்சம் வரட்டும்."

காதைத் திருப்பினாள். அடுத்த நொடி அவர் கையிலிருந்த காகிதம் அவள் கையில் இருந்தது. "தள்ளுலே" என்று முதுநிலை செவி ஒருங்கிணைப்பாளரை ஒரு இடி இடித்தாள். அவன் தகட்டோடு போய் மூலையில் விழுந்தான். சுகிர்தா ஒரு பக்கம், இவள் ஒரு பக்கம். என்னை லிஃப்டில் ஏற்றினார்கள். உடன் வந்தவன் லிஃப்டில் போனது அந்த ஆஸ்பத்திரி சரித்திரத்தில் அதுதான் முதல் தடவை.

ஆம்புலன்ஸ் இல்லை. அதன் மேல் ஒரு தெர்மாகோல் காதைக் கட்டி, விளம்பரத்துக்காகத் திருவேங்கடம் ஊர்ப்பக்கம் அனுப்பியிருந்தார்கள். கீழே வராந்தாவில், நெஞ்சில் ஏழெட்டு ஸ்டிக்கரோடு ஷேக் ஃபரீத் தப்பிப்பதற்கு வழி பார்த்து உட்கார்ந்திருந்தார்.

"பாய், வண்டி!" என்று அவருடைய சட்டையை எறிந்தாள் மாரித்தாய்.

அவர் சட்டையைத் தாவிப் பிடித்தார். பச்சைத் துணியோடே ஓடி வந்து லோடு வண்டியை எடுத்தார். மிச்சமிருந்த எலுமிச்சை மூட்டைகளுக்கு நடுவில் என்னைச் சாய்த்தார்கள். இதய நோயாளி என்று எழுதிக் கொடுக்கப்பட்ட இரண்டு பேர், ஆரோக்கியமானவன் என்று மணி அடிக்கப்பட்ட ஒருவனைக் காப்பாற்றக் கவர்மெண்டு ஆஸ்பத்திரிக்குக் கொண்டுபோனார்கள்.

"சாவாதவே" என்றார் ஃபரீத், பின்பக்கம் திரும்பித் திரும்பி. "நீ செத்தேன்னா, பச்சை அட்டைக்காரன் புகார் சொல்லலைன்னு அந்தாளு உன்னையும் சேத்து எண்ணுவான்!"

கவர்மெண்டு டாக்டர் காகிதத்தைப் பார்த்தார், என் மீசையைப் பார்த்தார். "யாரு மாரித்தாய்?"

"நான்தான்."

"அப்போ இந்த நெஞ்சு?"

"அது இவுகளுது. பேரு மட்டும் என்னுது."

ஊசி போட்டார், திருநெல்வேலிக்கு அனுப்பினார். அங்கே அடைப்பை எடுத்தார்கள். நாலாம் நாள் ரவுண்ட்ஸ் வந்த டாக்டரிடம் காது விசயத்தைக் கேட்டேன். "மடிப்பு இருந்தா, எதுக்கும் ஒரு தடவை நெஞ்சையும் பாக்கலாம். அவ்வளவுதான் பெரியவரே. வயசானா நிறையப் பேருக்கு விழும். மடிப்பு இல்லைங்கறதுக்காக வலியோட வந்தவன வீட்டுக்கு அனுப்பினா அது கொலை" என்றார். இரண்டு நிமிசம்கூட ஆகவில்லை அவருக்கு. மைக்கும் இல்லை.

ஊர் திரும்பி ஒரு மாசம் கழித்துப் பஸ் ஸ்டாண்டுக்குப் போனேன். பத்தடி ஃபிளெக்ஸ். அதில் மாரித்தாயின் காது. நான் தைக்க வைத்த அதே தையல், ஆள் படுத்து உருளலாம் போல. கீழே, 'இந்த மடிப்பு ஓர் உயிரைக் காத்தது!'

நேராக ஹிருதயதீபம் போய் இசக்கிராஜாவின் மேஜையைத் தட்டினேன். சுகிர்தாவைக் காணவில்லை. ஒழுங்கு நடவடிக்கையாம், வீட்டுக்கு அனுப்பிவிட்டார்கள்.

"என்னலே எழுதி வச்சிருக்கீங்க?"

"அண்ணாச்சி, கோபப்படாம பதில் சொல்லுங்க. ஒரு உயிர் பொழைச்சுதா இல்லையா?"

"பொழைச்சுது."

"அது ஆச்சி காதா இல்லையா?"

"அவ காதுதான்."

"ஆச்சிக்கு அந்தக் காது மட்டும் இல்லைன்னா உங்கள ஈசிஜி ரூமுக்குள்ள விட்டிருப்போமா?"

"விட்டிருக்க மாட்டீங்க."

"பொறவு இதுல பொய் எங்க இருக்கு?"

டையைச் சரிசெய்துகொண்டான். வருகைப் பதிவேட்டை என் பக்கம் தள்ளினான்.

"ஆனா நீங்க இப்படி வரக் கூடாது அண்ணாச்சி. பச்சை அட்டைக்காரங்க யாரும் திரும்பி வந்ததில்லைன்னு சேர்மன் சார் மேடையில பேசிக்கிட்டு இருக்காங்க. இதுல கையெழுத்துப் போட்டுட்டுப் போங்க." பெயருக்கு எதிரில் ஏற்கெனவே எழுதி வைத்திருந்தான், 'உடன் வந்தவர்' என்று. அதை அடித்துவிட்டு 'தாவீதுக்காக வந்தவன்' என்று எனக்குத் தெரிந்த எழுத்தில் எழுதிவிட்டு வந்தேன். அந்தப் பக்கத்தை அன்றைக்கே கிழித்திருப்பார்கள்.

இப்போதும் மாசம் ஒரு தடவை அந்த ஆஸ்பத்திரியிலிருந்து போன் வருகிறது. நேற்றும் வந்தது. சாப்பிட்டுக்கொண்டிருந்தோம். ஒரு பெண் குரல், தேன் தடவினாற்போல. "மாரித்தாய் அம்மாங்களா? உங்க இதயம் இப்ப எப்படிம்மா இருக்கு?"

மாரித்தாய் என்னைப் பார்த்தாள். என் தட்டில் ஊறுகாய் இருந்தது. எனக்கு உப்பு ஆகாது என்று டாக்டர் சொல்லியிருக்கிறார்.

"அதுவா? நல்லாத்தான் இருக்கு" என்றாள். "சொன்ன பேச்சுதான் கேக்க மாட்டேங்குது. இந்தா, குடுக்கேன். அதுகிட்டயே பேசுங்க."

போனை என் காதில் வைத்துவிட்டு, ஊறுகாயை எடுத்துக்கொண்டு எழுந்து போய்விட்டாள்.

"ஹலோ, யாருங்க பேசறது?" என்றது தேன் குரல்.

"நான் உடன் வந்தவன்மா" என்றேன்.